தோழி இல்லாத வழி: பி.எஸ். வினோத்ராஜின் திரைப்படங்களில் பாலையும் வெறியாட்டும்

முன்னுரை

தமிழ்த் திரைப்படத்தைச் சமூக வரலாற்றோடு இணைத்துக் காணும் முயற்சிக்குக் கா. சிவத்தம்பியின் 'தமிழ்ச் சமூகமும் அதன் சினிமாவும்' போன்ற நூல்கள் முன்னரே வழியமைத்துள்ளன. எனினும், திரைப்படத்தை அகப்பொருள் மரபின் துணைகொண்டு அணுகும்போது ஒரு குறை தொடர்ந்து நேர்கிறது. மலை வந்தால் குறிஞ்சி என்றும், வறண்ட நிலம் வந்தால் பாலை என்றும் பெயரிட்டு அமைந்துவிடுதலே அக்குறை. பெயரிடுதல் ஆய்வாகாது. மரபு எவ்விடத்தில் படைப்போடு பொருந்துகிறது என்பதைக் காட்டிலும், எவ்விடத்தில் பொருந்தாமல் விலகுகிறது என்பதே படைப்பின் தன்மையை விளக்கவல்லது.

பி.எஸ். வினோத்ராஜ் இதுவரை இயக்கி வெளிவந்துள்ள முழுநீளப் படங்கள் இரண்டு: 'கூழாங்கல்' (2021), 'கொட்டுக்காளி' (2024). இவ்விரண்டும் மதுரை வட்டாரத்தின் ஒரு பகற்பொழுதுப் பயணத்தையே கதையாகக் கொண்டவை. முன்னதில் பாலைத்திணையின் கூறுகளும், பின்னதில் களவொழுக்கத்தின் வெறியாட்டுத் துறையும் வெளிப்படையாகத் தெரிகின்றன. ஆயின் இரண்டிலும் அகமரபின் இன்றியமையாத மாந்தர் ஒருவர் இல்லை. அவர் தோழி. தோழியின் இடம் வெற்றிடமாக இருப்பதே இப்படங்களின் கலைக்கும் அறக்கேள்விக்கும் மூலமாகிறது என்பதை இக்கட்டுரை நிறுவ முற்படுகிறது.

படைப்பாளியும் பின்புலமும்

வினோத்ராஜ் மதுரை மாவட்டத்தைச் சேர்ந்தவர். இளமையிலேயே கூலி வேலைக்குச் சென்றவர். திருப்பூர்ப் பின்னலாடைத் தொழிலில் உழைத்தவர். பின்னர்ச் சென்னையில் குறுந்தகடு விற்கும் கடையொன்றில் பணியாற்றியபோது உலகத் திரைப்படங்களைக் காணும் வாய்ப்பைப் பெற்றார். 'மணல்மகுடி' நாடகக் குழுவோடு கொண்ட தொடர்பு அவருடைய கலைப்பயிற்சியின் மற்றொரு பகுதி. திரைப்படக் கல்லூரியில் பயின்றவர் அல்லர் என்பது இங்கு நினைவிற் கொள்ளத்தக்கது. உடலின் நடை, மூச்சு, களைப்பு ஆகியவற்றை உரையாடலினும் மேலாக மதிக்கும் அவருடைய போக்குக்கு உழைப்பு வாழ்வும் அரங்கப் பயிற்சியும் அடிப்படையாயிருத்தல் கூடும்.

'கூழாங்கல்' 2021ஆம் ஆண்டு ராட்டர்டாம் பன்னாட்டுத் திரைப்பட விழாவில் அதன் முதன்மைப் பரிசாகிய புலி விருதினைப் பெற்றது. அவ்விருதினைப் பெற்ற முதல் தமிழ்ப்படம் இதுவே. இந்தியப் படங்களுள் இரண்டாவது. 94ஆவது ஆஸ்கர் விருதுக்கு இந்தியாவின் சார்பில் அனுப்பப்பட்டதும் இப்படமே. 'கொட்டுக்காளி' 2024 பிப்ரவரியில் பெர்லின் திரைப்பட விழாவின் ஃபோரம் பிரிவில் திரையிடப்பட்டு, அவ்வாண்டு ஆகஸ்டு 23 அன்று திரையரங்குகளுக்கு வந்தது.

முதற்படத்தை நயன்தாரா, விக்னேஷ் சிவன் இணையரின் ரௌடி பிக்சர்ஸும், இரண்டாம் படத்தைச் சிவகார்த்திகேயனின் நிறுவனமும் வெளிக்கொணர்ந்தன. தனித்துநிற்கும் படைப்பாளி என்னும் சொல் தமிழ்ச் சூழலில் வணிகத் திரையுலகுக்கு முற்றிலும் வெளியே நிற்பவரைக் குறிப்பதில்லை என்பதற்கு இதுவே சான்று. நட்சத்திரங்களின் ஆதரவு படத்தைப் பார்வையாளரிடம் கொண்டுசேர்க்கிறது. அதே வேளையில் வேறொரு எதிர்பார்ப்பையும் அது உண்டாக்குகிறது. நகைச்சுவை நடிகராக அறிமுகமாகிக் கதைத்தலைவராக உயர்ந்த சூரியை 'கொட்டுக்காளி'யில் காணவந்தோர் எதிர்கொண்டது, பின்னணி இசையே இல்லாத, முடிவு கூறப்படாத ஒரு படத்தை. இந்த முரண் படத்தின் பொருளோடும் தொடர்புடையது என்பது பின்னர் விளங்கும்.

கூழாங்கல்: பாலை என்னும் நிலை

கதை மிகச் சிறியது. குடிகாரனாகிய கணபதி, தாய்வீடு சென்றுவிட்ட மனைவியை அழைத்துவரும் பொருட்டுப் பள்ளியிலிருந்து மகன் வேலுவை இழுத்துக்கொண்டு பேருந்தேறுகிறான். மனைவியின் ஊரில் சண்டை மூள்கிறது. திரும்புவதற்கான பணத்தைச் சிறுவன் கிழித்துவிட, இருவரும் உச்சிவெயிலில் நடந்தே ஊர் திரும்புகின்றனர். படத்தின் நீளம் ஏறத்தாழ 75 நிமிடங்கள், பெரும்பகுதி நடையே.

தொல்காப்பியம் நடுவுநிலைத் திணையாகிய பாலைக்கு நண்பகலையும் வேனிலையும் பொழுதாகக் கூறுகிறது. பிரிதலும் பிரிதல் நிமித்தமும் அதன் உரிப்பொருள். முதற்பொருள் அளவில் 'கூழாங்கல்' இவ்விலக்கணத்தோடு முழுதும் பொருந்துகிறது. உரிப்பொருளில்தான் தலைகீழ் மாற்றம் நிகழ்கிறது. சங்கப் பாலையில் தலைவன் பொருள்வயிற் பிரிகிறான். தலைவி இல்லிலிருந்து ஆற்றுகிறாள். சுரத்திடையே தலைவனின் நெஞ்சு அவளை நினைத்துத் தடுமாறுகிறது. இங்குப் பிரிந்து சென்றவள் மனைவி. பிரிவின் காரணம் பொருளன்று, அடி. சுரத்தைக் கடக்கும் ஆடவனிடம் நெஞ்சொடு கிளத்தல் இல்லை. சினம் மட்டுமே உண்டு. அவனுக்குப் பின்னால் ஒரு கண்ணாடித் துண்டினால் வெயிலைத் திருப்பி அவன் முதுகில் பாய்ச்சியபடி நடக்கும் சிறுவனே, அச்சினத்தை எதிர்கொள்ளும் ஒரே ஆளாக இருக்கிறான்.

இயக்குநர் குடும்பத்தில் நேர்ந்த ஒரு நிகழ்ச்சியே இப்படத்தின் கரு என்பதை அவர் நேர்காணல்களில் கூறியுள்ளார். கணவன் வீட்டிலிருந்து துரத்தப்பட்ட அவருடைய சகோதரி, குழந்தையோடு 13 கிலோமீட்டர் நடந்து தாய்வீடு சேர்ந்தார். அவ்வழியைக் கணவன் நடக்கட்டும் என்னும் எண்ணமே படமாயிற்று. அவ்வகையில் கணபதியின் நடை ஒரு தண்டனை. ஆனால் படம் அத்தண்டனையோடு நிறைவடைந்துவிடவில்லை என்பதே அதன் சிறப்பு. வழியில் எலி வளைகளில் புகைமூட்டி எலி பிடித்துச் சுட்டுண்ணும் ஒரு குடும்பத்தை கேமரா நெடுநேரம் பார்க்கிறது. கதைக்கு அவர்களால் ஆவது ஒன்றுமில்லை. இறுதிக் காட்சியில் ஊற்றுக்குழியைச் சுற்றிப் பெண்கள் காத்திருக்கின்றனர். ஊறும் நீரைச் சிறிது சிறிதாக மொண்டு குடத்தில் ஊற்றுகின்றனர். ஆடவனின் சினத்துக்கு இடம் கொடுத்த படம், தன் கடைசி நிமிடங்களைப் பெண்களின் பொறுமைக்குக் கொடுக்கிறது.

பாலை என்பது தனி நிலமன்று. முல்லையும் குறிஞ்சியும் வெம்மையால் தம் இயல்பு கெட்டு மேற்கொள்ளும் வடிவமே அது என்னும் கருத்து சிலப்பதிகாரத்தின் காடுகாண் காதையில் உள்ளது. இக்கருத்து 'கூழாங்கல்'லுக்கு இருவகையில் ஒளியூட்டுகிறது. படத்தின் களம் மேலூருக்கு அருகிலுள்ள அரிட்டாபட்டி. திரையில் நீரற்றுக் கிடக்கும் இப்பகுதியே 2022ஆம் ஆண்டு தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்டது. சுனைகளும் ஏரிகளும் சமணப் படுக்கைகளும் தமிழி எழுத்துகளும் கொண்ட குன்றுப் பகுதி அது. 2024ஆம் ஆண்டு அங்கு டங்ஸ்டன் சுரங்கத் திட்டம் எழுந்தபோது மக்கள் போராடினர். 2025 சனவரியில் அத்திட்டம் கைவிடப்பட்டது. ஆகவே வறட்சி அந்நிலத்தின் பிறப்பியல்பன்று. ஒரு பருவத்தின், ஒரு வாழ்நிலையின் வடிவம். கணபதியின் சினமும் அத்தகையதே எனப் படம் உணர்த்துகிறது. சினத்தை அவனது இயல்பென்று கூறி மன்னிக்கவும் இல்லை. வறுமையைக் காரணம் காட்டி விடுவிக்கவும் இல்லை.

தாகம் தோன்றாதிருக்க வேலு வாயில் ஒரு கூழாங்கல்லை அடக்கிக்கொள்கிறான். வீடு சேர்ந்ததும் அக்கல்லை எடுத்து வைக்கும் இடத்தில் முன்பே பல கற்கள் குவிந்துள்ளன. இந்நடை முதன்முறையன்று என்பது ஒரு சொல்லும் இன்றி விளங்கிவிடுகிறது. குறிப்பினால் பொருளுணர்த்தும் இறைச்சி மரபில் பழகிய தமிழ் வாசகர்க்கு இக்காட்சியின் ஆற்றலை விரித்துரைக்க வேண்டுவதில்லை.

கொட்டுக்காளி: இடம் மாறிய வெறியாட்டு

'கொட்டுக்காளி' என்பது பிடிவாதமுடைய பெண்ணைக் குறிக்கும் வட்டார வழக்கு. மீனா கல்லூரியில் பயிலும்போது ஒடுக்கப்பட்ட சாதியைச் சேர்ந்த இளைஞன் ஒருவனை விரும்புகிறாள். அவளை மணக்கவிருக்கும் முறைமாப்பிள்ளை பாண்டியும் இரு குடும்பத்தாரும் அவளுக்குப் பேய் பிடித்திருப்பதாக நம்புகின்றனர். ஒரு ஆட்டோவிலும் இருசக்கர வண்டிகளிலுமாக அவளை ஒரு சாமியாடியிடம் அழைத்துச் செல்கின்றனர். பலிக்கென ஒரு சேவலும் உடன் செல்கிறது. படம் முழுவதும் மீனா ஏறத்தாழப் பேசுவதே இல்லை.

சங்க இலக்கியம் பயின்றோர்க்கு இக்கதை புதிதன்று. களவில் தலைவனைப் பிரிந்து மெலியும் தலைவியைக் கண்டு, காரணம் அறியாத தாய் கட்டுவிச்சியை வினவுகிறாள். கழங்கு முருகன் அணங்கியதாகக் காட்டுகிறது. வேலன் வருகிறான், மறி அறுக்கப்படுகிறது, மனைமுன்றிலில் வெறியாட்டு நிகழ்கிறது. காதலை நோயாகவும், நோயைத் தெய்வக் குற்றமாகவும் படித்தல் என்னும் அடிப்படை இரண்டாயிரம் ஆண்டு இடைவெளியிலும் மாறவில்லை.

எனினும் மூன்று வேறுபாடுகள் உள்ளன. படத்தின் உயிர் அவற்றிலேயே இருக்கிறது.

முதலாவது, அறியாமை பற்றியது. சங்கத் தாய் உண்மையை அறியாள், அறியாமையாலேயே வெறியெடுக்கிறாள். மீனாவின் குடும்பத்தார் அறிவர். அவள் ஒருவனை விரும்புவதும், அவன் இன்னான் என்பதும் அவர்களுக்குத் தெரியும். தெரிந்தே அதற்குப் பேய் என்று பெயரிடுகின்றனர். அங்கு வெறியாட்டு ஒரு தவறான விடை. இங்கு அது தெரிந்த விடையை மறைக்கும் கருவி. சாதி என்னும் சொல்லைச் சொல்லாமலே அதன் வேலையைச் செய்துகொள்ள நோய் என்னும் சொல் உதவுகிறது.

இரண்டாவது, இடம் பற்றியது. சங்கப் பாடலில் வேலன் தலைவியின் மனைக்கு வருகிறான். தலைவி தன் வீட்டில், தன்னவர் நடுவே இருக்கிறாள். இங்கு அவளே கொண்டுசெல்லப்படுகிறாள். ஆட்டோவைத் திருப்ப வேண்டிய நிலை வரும்போது, மீனா உள்ளே அமர்ந்திருக்க ஆடவர் வண்டியோடு அவளைத் தூக்கித் திருப்புகின்றனர். இறங்கச் சொல்லவேண்டும் என்பது எவருக்கும் தோன்றவில்லை. குறிஞ்சிக்குரிய வெறியாட்டு, வழிச்செலவாகிய பாலையின் வடிவத்தை மேற்கொள்கிறது. உடன்போக்கில் தலைவனோடு தன் விருப்பத்தால் சுரம் கடந்த தலைவியின் வழி, இங்கு விருப்பத்துக்கு எதிராகக் கடக்கவேண்டிய வழியாகிவிடுகிறது.

மூன்றாவது, தலைவியின் குரல் பற்றியது. வெறிபாடிய காமக்கண்ணியார் அத்துறையைப் பாடியமையாலேயே அப்பெயர் பெற்றவர். அவருடைய அகநானூற்றுப் பாடல் ஒன்றில் (அகம். 22), தலைவன் இரவில் வந்து சேர்ந்ததால் நோய் நீங்க, வேலன் வீணே உழைத்ததை எண்ணித் தலைவி நகைக்கிறாள். சடங்கு அவளை நோக்கி நிகழினும் அதைப் பற்றிய தீர்ப்பு அவளிடமே இருக்கிறது. மீனாவுக்கு நகைப்பு இல்லை. அவளுடைய தீர்ப்பு பார்வையிலும் அசையாமையிலும் மட்டுமே இருக்கிறது. அன்னா பென்னின் நடிப்பு இவ்வசையாமையைத் துயரமாக்காமல் மறுப்பாக்குகிறது. தலைப்பு அதற்கே உரியது.

பாட்டு என்னும் ஒரு கூறு இவ்வேறுபாட்டை மேலும் கூர்மையாக்குகிறது. ஔவையாரின் குறுந்தொகைப் பாடலில் (குறுந். 23) தோழி, கட்டுப்பார்க்கும் அகவன் மகளை, அவன் மலையைப் பாடிய பாட்டை மீண்டும் பாடும்படி வேண்டுகிறாள். அவ்வேண்டுகோளே காதலை வெளிப்படுத்தும் நுட்பமான வழி. 'கொட்டுக்காளி'யில் செல்லும் வழியில் ஒரு திரைப்பாடல் கேட்கிறது. மீனா தன்னையறியாது அதனை முணுமுணுக்கிறாள். பாண்டி வெறிகொண்டு அவளை அடிக்கிறான்; தடுக்க வந்த பெண்களையும் விடவில்லை. பாட்டு காதலைக் காட்டிக்கொடுக்கிறது என்பது இரண்டிலும் ஒன்றே. அங்கு அக்காட்டிக்கொடுத்தல் திருமணத்துக்கு வழி. இங்கு அடிக்கு வழி. வெறி கொண்டவர் யார் என்னும் வினாவுக்கும் இக்காட்சியே விடை தருகிறது. பேய் பிடித்தவளாகக் கொண்டுசெல்லப்படுபவள் அமைதியாக இருக்கிறாள். கொண்டுசெல்பவன் தன்வயம் இழக்கிறான்.

தோழியின் வெற்றிடம்

வெறியாட்டுத் துறையின் மையம் வேலனன்று. தோழியின் அறத்தொடு நிற்றலே. வெறியாட்டு நிகழுமிடத்தில் தோழி உண்மையை உரைக்கிறாள், அல்லது உணர்த்துகிறாள். நற்றிணையின் 34ஆம் பாடலில் முருகனையே விளித்து, இந்நோய் தன்னால் வந்ததன்று என அறிந்தும் வெறிக்களத்துக்கு வந்த அவன், கடவுளாயினும் அறியாமை உடையவன் என்று கூறும் துணிவு அவளுக்கு உண்டு. தலைவியின் கற்புக்கு ஏதம் வாராமலும், தாயின் பெருமை குன்றாமலும் உண்மையைச் சொல்லும் ஆற்றலையே இலக்கணம் அறம் என்கிறது.

மீனாவின் ஆட்டோவில் பெண்கள் பலர் உள்ளனர். அவர்களுள் சிலர் அவள்மீது இரக்கம் கொண்டவர்கள். அவர்களும் தத்தம் உடலின் தேவைகளை ஆடவரின் பயணத்துக்கிடையே மறைத்துச் சமாளிப்பவர்கள். ஆயினும் எவரும் தோழியாவதில்லை. வழியை மறித்து நிற்கும் காளையை ஆடவர் பலர் கூடியும் அகற்ற இயலாதபோது, ஒரு சிறுமி வந்து எளிதாக அழைத்துச் செல்கிறாள். அச்சிறுமி கணநேரம் தோன்றி மறையும் ஒரு சாத்தியம் மட்டுமே. அவளை நோக்கும் மீனாவின் பார்வையில் அது பதிகிறது.

சாமியாடியின் இடத்தை அடைந்ததும், மீனாவுக்கு முன் மற்றொரு பெண்ணுக்குச் சடங்கு நிகழ்கிறது. சடங்கின் பெயரால் அவள் உடல் தீண்டப்படுவதைப் பாண்டி பார்க்கிறான். தொண்டையில் சுண்ணாம்பு பூசிய, கரகரத்த குரலோடு படம் முழுதும் ஆணையிட்டுவந்தவன் அங்குத் தயங்குகிறான். அவன் செய்யப்போவது யாதெனக் கூறாமலே படம் முடிகிறது.

இம்முடிவைக் குறையெனக் கருதுவாரும் உளர். ஆயின் அறத்தொடு நிற்றல் என்னும் துறையின் வழி நோக்கினால், அதன் பொருத்தம் விளங்கும். தோழியின் இடம் படம் முழுதும் வெறுமையாக இருந்தது. இறுதியில் அவ்விடத்தின் வாயிலில், அதற்குச் சிறிதும் தகுதியற்ற ஒருவன் நிறுத்தப்படுகிறான். அவனோடு பார்வையாளரும் நிறுத்தப்படுகின்றனர். கதைத்தலைவன் இறுதியில் காப்பான் என்று நட்சத்திர நடிகரின் பொருட்டு வந்த பார்வையாளர் எதிர்பார்ப்பது இயல்பு. அந்த எதிர்பார்ப்பை நிறைவேற்றியிருந்தால் பாண்டி மீட்பனாகியிருப்பான். அடித்த கையே காத்த கையாகியிருக்கும். படம் அப்பெருமையை அவனுக்கு வழங்கவில்லை.

காட்சிமொழி

இரு படங்களிலும் கேமரா பெரும்பாலும் மாந்தரின் பின்னால் நடக்கிறது. முகத்தைக் காட்டிலும் முதுகும் பிடரியும் காலும் மிகுதியாகத் தெரிகின்றன. நீண்ட காட்சிகள் வெட்டின்றித் தொடர்கின்றன. 'கூழாங்கல்'லில் விக்னேஷ் குமுளை, ஜெய பார்த்திபன் ஆகியோரின் ஒளிப்பதிவு, வெட்டவெளியில் தந்தையையும் மகனையும் சிறு புள்ளிகளாக்கும் தொலைக்காட்சிகளையும், உடலை உரசும் அண்மைக் காட்சிகளையும் மாறிமாறி அமைக்கிறது. 'கொட்டுக்காளி'யில் பி. சக்திவேலின் ஒளிப்பதிவு ஆட்டோவின் நெருக்கடிக்குள் இயங்குகிறது. திறந்த வெளியில் செல்லும் பயணமே சிறைக்குள் இருத்தலாக மாறுகிறது. இரண்டுக்கும் படத்தொகுப்பாளர் கணேஷ் சிவா.

பின்னணி இசையை விலக்கியது 'கொட்டுக்காளி'யின் முதன்மையான முடிவு. தமிழ்த் திரைப்படத்தில் பார்வையாளர் எப்போது இரங்க வேண்டும், எப்போது சினக்க வேண்டும் என்பதை இசையே பெரும்பாலும் அறிவிக்கிறது. அவ்வறிவிப்பு இல்லாதபோது வண்டியின் இரைச்சலும், சேவலின் படபடப்பும், காற்றும் மட்டுமே எஞ்சுகின்றன. மீனா முணுமுணுக்கும் பாட்டு அத்துணை வலிமையோடு ஒலிப்பதற்குக் காரணம், அதுவரை படத்தில் இசையே இல்லாமையாகும்.

சில குறைகள்

இப்படைப்புகளைப் பாராட்டும்போது அவற்றின் எல்லைகளையும் சுட்டுதல் வேண்டும். கால் கட்டப்பட்ட சேவல், வழிமறிக்கும் காளை ஆகியவை 'கொட்டுக்காளி'யில் பொருளை மிகத் தெளிவாகவே அறிவிக்கின்றன. 'கூழாங்கல்'லில் கல் முதலில் கல்லாக இருந்து பின்னர்க் குறிப்பாயிற்று. இங்குச் சேவல் தொடக்கம் முதலே குறிப்பாக நிற்கிறது. கருப்பொருள் தன் இயல்பில் நின்று இறைச்சியாதலுக்கும், உருவகமாகவே வருதலுக்கும் உள்ள வேறுபாடு இது.

மற்றொரு குறை இதனினும் பெரிது. மீனா விரும்பிய இளைஞன் படத்தில் தோன்றுவதில்லை. அகப்பாடலில் தலைவனுக்குப் பெயர் கூறுதல் இல்லை. அது எல்லார்க்கும் பொதுவாதற்பொருட்டு அமைந்த மரபு. ஒடுக்கப்பட்ட சாதியைச் சேர்ந்த ஒருவனுக்குப் பெயரும் முகமும் இல்லாதிருத்தல் அத்தகைய பொதுமையைத் தருவதில்லை. அவனைக் காணவிடாத குடும்பத்தின் பார்வையைப் படம் விமர்சிக்கிறது. ஆனால் அப்பார்வையின் எல்லைக்குள்ளேயே தானும் நின்றுவிடுகிறது. ஆதிக்கச் சாதியின் உள்ளிருந்து அதன் வன்முறையைக் காட்டும் துணிவு பாராட்டத்தக்கது. அவ்வன்முறைக்கு இலக்கானவனின் வழி எவ்வாறிருந்தது என்பது இன்னும் சொல்லப்படாத கதையாகவே உள்ளது.

முடிவுரை

வினோத்ராஜின் இரு படங்களும் ஆடவரின் சினத்தைப் பின்தொடர்ந்து சென்று, பெண்களின் மௌனத்தில் வந்து நிற்கின்றன. பாலையின் பொழுதும் வெறியாட்டின் சடங்கும் அவற்றில் இருக்கின்றன. அச்சூழல்களில் அறத்தைப் பேசவேண்டிய தோழி மட்டும் இல்லை. அவள் இல்லாமையை இசையாலோ உரையாலோ நிரப்பாமல் அவ்வாறே விட்டுவைத்தது இப்படைப்பாளியின் கலைநேர்மை.

சங்க மரபில் தோழி உண்மையைக் கூறுவதற்கு உரிமை பெற்றிருந்தாள். கேட்பதற்குச் செவிலி இருந்தாள். காதலை நோயென்று பெயரிட்டு ஆட்டோவில் ஏற்றிச்செல்லும் ஒரு சமூகத்தில் அவ்வுரிமையும் செவியும் எங்குத் தொலைந்தன என்பது திரைப்படம் எழுப்பும் வினா. அகப்பொருளைப் பண்டைக் காதலின் எழிலாக மட்டும் கற்பிக்கும் வகுப்பறைகளுக்கும் அவ்வினா உரியது.